சலமா மாமியின் சத்தமில்லாக் கலியாணம்

மகன் நிரூபன்,

நீயும் அபிராமியும் சுகமாக இருக்கவேண்டும். நான் சுகம். முழங்கால் மட்டும், பனி கொட்டப்போகிறது என்பதை ரேடியோவுக்கு முன்பே சொல்லிவிடுகிறது. எனக்கு எழுத வராது என்பது உனக்குத் தெரியும். நான் சொல்லச் சொல்ல எழுதுகிறவர் மேல்மாடித் தங்கராசா வாத்தியார். என் பேச்சை நல்ல தமிழாக்கித்தான் எழுதுவேன் என்று அடம்பிடிக்கிறார். ஆட்கள் கதைத்ததை மட்டும் கதைத்தபடியே எழுதவேண்டும் என்று நானும் அடம்பிடித்திருக்கிறேன். உனக்கு வாசிக்கக் கஷ்டமாக இருந்தால் அபிராமி வாசித்துக் காட்டட்டும். அவளும் கேட்கவேண்டிய கதைதான் இது. போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் நான் பாதி சொல்வதற்குள் நீ "அப்பா, பேந்து கதைக்கிறன்" என்று வைத்துவிடுவாய். இது பாதியில் வைக்கக்கூடிய கதையல்ல.

நீ அனுப்பிய படத்துண்டு வந்து சேர்ந்தது. லவால் மண்டபத்தில் உன் கலியாண வரவேற்பன்று, சாப்பாட்டுக்கு முன் விளக்கையெல்லாம் அணைத்துவிட்டு அதைப் பெரிய திரையில் போடப்போவதாகச் சொன்னாய். கீழ்வீட்டுச் சலமா மாமிக்கு ஒரு சொல்லும் சொல்லாமல் அவரை முன்வரிசையில் கொண்டுவந்து இருத்தவேண்டியது என் பொறுப்பு என்றாய். அந்தத் துண்டைப் போடாதே, அப்பன். நீ அதை எவ்வளவு காலம் தேடினாய் என்பது எனக்குத் தெரியும். வான்கூவரில் பெரிய பெரிய படங்களுக்கு வேலை செய்கிறவன், ஓய்வு கிடைத்த நேரமெல்லாம் கிழக்காபிரிக்காவில் அந்தக் காலத்தில் எடுத்த படங்களை ஒவ்வொன்றாகத் திறந்து, பெயர் போடாத ஒரு பெண்ணை, அதுதான் இளவயது மாமியை, தேடினாய். எழுத்தோடுகிற இடத்தில் படம் எடுத்தவரின் பெயர்தான் இருக்கிறதாம், நடித்தவர்கள் ஒருவருடைய பெயரும் இல்லையாம். கோபம் வந்தால் கீழுதட்டை இடப்பக்கம் இழுக்கிற பழக்கத்தை வைத்துத்தான் ஆளைக் கண்டுபிடித்தேன் என்று சொன்னாய். எனக்குச் சிரிப்பு வந்தது. அந்த உதட்டிடம் நீ வாங்கிய ஏச்சுக்கு வேறு அடையாளம் எதற்கு?

முழுப் படத்தில் நீ வெட்டி எடுத்தது கலியாணக் காட்சியை. கலியாண வீட்டுக்குக் கலியாணக் காட்சிதான் பொருத்தம் என்று நினைத்திருக்கிறாய். சத்தமில்லாத படம் என்பதால் நாதஸ்வரமும் தவிலும் சேர்த்திருக்கிறாய். "மாமி அழுதிடுவா பாருங்கோ அப்பா" என்றாய். உன்மேல் பிழையில்லை. மாமியின் படக்கதையில் உனக்குத் தெரிந்தது சிரிப்புப் பாதி மட்டும்தான். மற்றப் பாதியை அவர் எனக்கும் அம்மாவுக்கும் மட்டும்தான் சொன்னார். அதை அறியாமல் அந்தத் துண்டை அத்தனை சனத்துக்கு முன்னால் போட்டிருந்தால், அந்த மனிசி கட்டிக் காத்த மானம் அந்த இடத்திலேயே போயிருக்கும். அதனால்தான் நீ சொல்லவேண்டாம் என்றதையும் மீறி அவருக்கு அதை முதலில் காட்டினேன். காட்டியபோது நடந்ததை நானும் எதிர்பார்க்கவில்லை. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

நீ பிறந்து சில மாதத்தில் நானும் அம்மாவும் இந்தப் பார்க் எக்ஸ்டென்ஷன் வீட்டின் நடுமாடிக்கு வந்தோம். கீழ்வீட்டில் மாமி. கிழக்காபிரிக்காவில் தாங்கா என்ற துறைமுக ஊரில் பிறந்தவர். ஒரு குஜராத்திக் குடும்பத்தின் பிள்ளைகளைப் பார்க்க அவர்களோடு மொன்றியலுக்கு வந்து, பிள்ளைகள் வளர்ந்ததும் தனியாக நின்றுவிட்டவர். நானும் அம்மாவும் டோர்வலில் விமானங்களுக்குச் சாப்பாடு கட்டுகிற இடத்தில் வேலை. பிள்ளைகளைப் பார்க்கிற கார்தெறி எதிலும் உன்னை விட எங்களால் முடியவில்லை. மாமிதான் ஒருநாள் வெளிப்படியில் நின்று உன்னைக் கையை நீட்டி வாங்கினார். என்னைக் "காக்கா" என்று கூப்பிட்டார். அம்மாவுக்கு அடக்கமுடியாத சிரிப்பு. பிறகுதான் தெரிந்தது, அவர்கள் பாஷையில் அது அண்ணன் என்று. எங்களூர் முஸ்லிம் ஆட்களும் அப்படித்தானே சொல்கிறவர்கள். அம்மா அன்றைக்கே தீர்ப்புச் சொல்லிவிட்டா: "உங்களுக்குத் தங்கச்சி எண்டால் எனக்கு மச்சாள். பெடியனுக்கு மாமி. முடிஞ்சுது." அம்மா போகும்வரைக்கும் அந்த உறவில் ஒரு நாளும் பிசகவில்லை. மாமி எங்கள் வீட்டில் பழகியே யாழ்ப்பாணத் தமிழ் கதைக்கத் தொடங்கினார். இப்போது அவர் "ஓம்" என்று இழுப்பதைக் கேட்டால் பருத்தித்துறை ஆள் என்றுதான் நினைப்பார்கள்.

அந்த இரும்புப் படி உனக்கு நினைவிருக்கும். மாரியில் கண்ணாடி மாதிரி உறைந்துபோகும். மாமி உன் கையைப் பிடித்து, ஒவ்வொரு படிக்கும் எண்ணி ஏற்றுவார். மோஜா, ம்பிலி, தாத்து, ன்னே, தானோ. தமிழில் ஒன்று இரண்டு சொல்வதற்கு முதல் நீ அதைச் சொன்னாய். எட்டுக்கு அவர்கள் "நானே" என்பார்கள். அந்தப் படிக்கு வந்ததும் நீ மாமியின் கையை உதறிவிட்டு "நானே, நானே" என்று தனியாக ஏறுவாய். அதிலிருந்துதான் அந்த விளையாட்டு வந்தது. "கோவமா எண்ணுங்கோ மாமி" என்பாய். அவர் இடுப்பில் கைவைத்து, உதட்டை இழுத்து, மோஜா ம்பிலி என்று உன்னை வெளுத்துவாங்குவார். "அழுது எண்ணுங்கோ" என்பாய். அவர் முக்காட்டால் மூக்கைத் துடைத்துத் துடைத்து எண்ணுவார். நீ கெக்கட்டம்விட்டுச் சிரிப்பாய்.

இந்த விளையாட்டு எங்கேயிருந்து வந்ததென்று அவரே உனக்குச் சொல்லியிருக்கிறார். பதினெட்டு வயதில் அவர் நடித்த ஒரே படம். டார் எஸ் சலாமிலிருந்து ஒரு குழு வந்ததாம். கலியாணத்துக்குக் கடன்பட்டு ஆடம்பரம் செய்யாதீர்கள் என்று சனத்துக்குப் புத்தி சொல்லுகிற படம். (லவால் மண்டபத்துக்கு நீ எவ்வளவு கொடுக்கிறாய் என்று நான் கேட்கவில்லை.) அந்தக் காலத்தில் இப்படியான படங்களுக்குச் சத்தம் பிடிப்பதில்லை. படத்தை வான் வண்டியில் ஏற்றி ஊரூராகக் கொண்டுபோவார்கள். பந்தடிக்கிற வெளியில் வெள்ளைத் துணி கட்டி ஓட்டுவார்கள். பக்கத்தில் ஒரு மனிசன் ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு, மாப்பிள்ளைக்கும் அவர்தான், பெண்ணுக்கும் அவர்தான், ஆட்டுக்கும் அவர்தான் குரல். ஆகவே நடிக்கிறவர்கள் வாயை அசைத்தால் போதும். வசனம் பாடமில்லாதவர்களுக்குப் படம் எடுத்தவர் சொன்ன வழி, ஒன்று இரண்டு எண்ணுங்கள் என்பது. மாமி புருஷனை ஏசுகிற காட்சியில் பத்துவரைக்கும் எண்ணித்தான் ஏசினார். இதைத்தான் நீ வயிறு நோகச் சிரித்துக் கேட்பாய். "பிறகு படம் பார்த்தனீங்களோ மாமி?" என்றும் கேட்பாய். "இல்லையடா, எங்கட ஊருக்கு அந்த வான் வரேல்லை" என்பார். அது பாதி உண்மை. வான் வந்தது. அவருடைய தகப்பனார் படத்தை அங்கே ஓட்டவேண்டாம் என்று கையெடுத்துக் கும்பிட்டுத் திருப்பி அனுப்பினார்.

ஏன் அனுப்பினார் என்பதை நான் அறிந்தது இட்ரிஸால். டாக்ஸி ஓட்டிய இட்ரிஸை உனக்கு நினைவிருக்கும். ஜிபூத்தி ஆள், நெட்டையர், பெண்சாதி செத்தவர். வெள்ளிக்கிழமைகளில் மாமியைப் பள்ளிவாசலுக்கு ஏற்றிக்கொண்டுபோவார். மூலையில் தெப்பனர் என்கிற சில்லறைக் கடையில் உனக்கு லொலிபொப் வாங்கித் தருவார். நீ இரண்டாம் வகுப்புப் படித்தபோது ஒருநாள், கோட்டும் சூட்டும் போட்டுக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். ஒரு பெட்டி பேரீச்சம்பழம் மேசையில் வைத்தார். நானும் அவரும் கதைக்கிற பாஷை பாதி பிரெஞ்சு, பாதி கை. நான் சலமாவுக்கு அண்ணன், ஆகையால் என்னிடம்தான் முறையாகப் பெண் கேட்கவேண்டும் என்றார். எனக்கு ஏதோ கோயிலில் பரிவட்டம் கட்டிய மாதிரி இருந்தது. அம்மா உடனே என்னைக் கீழே துரத்தினா.

மாமி கறிக்குத் தேங்காய்ப்பால் விட்டுக்கொண்டு நின்றார். நான் விஷயத்தைச் சொன்னேன். அகப்பை அப்படியே நின்றது.

"நல்ல மனிசன், காக்கா."

"ஓம், அதுதானே. பிறகென்ன?"

"நான் கட்டினவள்."

எங்கே புருஷன், எப்போது கட்டினது என்று கேட்டேன். "படத்திலை," என்றார். நான் பகிடி என்று நினைத்துச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. அம்மாவையும் கூட்டிவரச் சொல்லி, எங்கள் இரண்டுபேரையும் இருத்திச் சொன்னார்.

அந்தக் கலியாணக் காட்சியை நிசம்போல எடுக்கவேண்டும் என்று படம் எடுத்தவருக்கு ஆசை. ஆகவே பெண்ணின் தகப்பனாக மாமியின் சொந்தத் தகப்பனையே இருத்தினார். கலியாணம் செய்துவைக்கிறவராக, ஊரிலே உண்மையாகவே கலியாணம் செய்துவைக்கிற பெரியவரையே கூட்டிவந்தார். சனத்துக்கு நன்மையான படம் என்றதால் அந்தப் பெரியவரும் சம்மதித்தார். சாட்சிக்கு இருந்தவர்களும் ஊர் ஆட்கள். மாப்பிள்ளையாக நடித்தவன் மட்டும் வெளியூர்ப் பெடியன், கப்பல் கந்தோர் ஒன்றில் வேலை செய்தவன். தகப்பனும் மாப்பிள்ளையும் கைகோத்தபடி இருக்க, பெரியவர் சொல்லவேண்டியதைச் சொல்லுவார். தகப்பன் பெண்ணைத் தந்தேன் என்பார். மாப்பிள்ளை ஏற்றேன் என்பான். அவ்வளவுதான் கலியாணம். பெண் அந்த இடத்தில் இருப்பதில்லை. உள்ளறையில் பெண்களோடு இருப்பாள். மாமியும் அப்படித்தான் உள்ளே இருந்தார், கையிலும் காலிலும் மருதோன்றியோடு. படம் பிடிக்கிற பெட்டி அரைக்கிற சத்தம் தவிர அவருக்கு ஒன்றும் கேட்கவில்லை.

படக்குழு போய்விட்டது. பிறகு ஒரு வெள்ளிக்கிழமை அந்தப் பெரியவர் மாமியின் தகப்பனிடம் வந்தாராம். "எனக்கு நடிக்கத் தெரியாது. அந்தச் சொற்களை என் வாழ்நாளில் விளையாட்டுக்குச் சொன்னதில்லை. அன்றைக்கும் உண்மையாகத்தான் சொன்னேன். நீயும் உன் வாயால் தந்தாய். அவனும் வாயைத் திறந்து ஏற்றான். விளையாட்டுக்குச் சொன்னாலும் அது கலியாணம்தான்" என்றார். ஊரில் வேறு பெரியவர்கள் இருந்தார்கள், அப்படியல்ல என்று சொன்னவர்களும் இருந்தார்கள். ஆனால் மாமியின் தகப்பன் அந்த ஒருவரின் வாக்கைத் தட்டாதவர். பெடியனைக் கண்டுபிடித்து விலக்குச் சொல்லவைத்தால் போதும் என்று தேடினார்கள். அவன் கப்பலேறிவிட்டான் என்றார்கள். எந்தக் கப்பல், எந்த நாடு, ஒன்றும் தெரியாது. மாமியைக் கேட்டு வந்த சம்பந்தங்களெல்லாம் வாசலோடு திரும்பின. தகப்பனார் சாகும்போது, "நான் உன்னைக் கொடுத்தது எனக்குத் தெரியும் மகளே, அவன் எடுத்தானா என்பதுதான் தெரியவில்லை" என்று சொல்லிச் செத்தாராம்.

அம்மா மாமியின் கையைப் பிடித்துக்கொண்டு, "இஞ்ச ஆர் கேக்கப்போகினம் மச்சாள்? கனடாவிலை ஆருக்குத் தெரியும்?" என்றா. மாமி சொன்னார்: "எனக்குத் தெரியுமே. நாளைக்கு ஒருத்தன் வந்து, அவள் என்ர பெண்சாதி எண்டு சொன்னால், நான் இட்ரிஸுக்கு என்ன முகத்தைக் காட்டுறது?" நான் மேலே ஏறிவந்து இட்ரிஸிடம் அவளுக்கு விருப்பமில்லை என்று மட்டும் சொன்னேன். அப்படித்தான் மாமி சொல்லச் சொன்னார். இட்ரிஸ் தலையை ஆட்டினார். பேரீச்சம்பழப் பெட்டியை விட்டுவிட்டுப் போனார். அடுத்த வெள்ளிக்கிழமை ஒன்றும் நடக்காததுபோல ஹோர்ன் அடித்தார். அதன்பிறகும் காலம்காலமாக வெள்ளிக்கிழமைகளில் அந்த ஹோர்ன் கேட்டது. மாமி பின்சீட்டில்தான் இருப்பார். இட்ரிஸ் வேறு கலியாணமும் கட்டவில்லை.

இப்போது உன் கலியாணப் பேச்சு வந்தபோது இது திரும்பக் கிளம்பியது, உனக்குத் தெரியாமல். அபிராமியின் தாயார் பியர்பொன்ட்ஸிலிருந்து எனக்குப் போன் எடுத்து, ஆலாத்தி எடுக்க மாப்பிள்ளை பக்கத்தால் ஆர் என்று கேட்டா. முறைக்கு மாமி இருக்கிறா என்றேன். "அந்த ஆபிரிக்கா மாமியோ? நல்ல மனிசிதான் அண்ணை, நான் ஒண்டும் சொல்லேல்லை. ஆனால் அவ கட்டினவவோ, கட்டாதவவோ, இல்லாட்டி மனுசன் இல்லாதவவோ?" என்று கேட்டா. அவ கேட்டதிலும் பிழையில்லை. ஆலாத்திக்குக் கேட்கிற கேள்விதான். ஆனால் நான் "பேந்து சொல்லுறன்" என்று போனை வைத்துவிட்டேன். மூன்றில் எது என்று சொல்ல அந்த மனிசிக்கே தெரியாதே.

இந்த இடத்தில் ஒன்று சொல்லிவைக்கிறேன், மகன், பிறகு மறந்துபோவேன். தாலி கட்டும்போது வீடியோக்காரன், "தம்பி, தலை மறைச்சுப்போட்டுது, ஒருக்கா திரும்பக் கட்டுங்கோ" என்பான். போன வருடம் உன் கூட்டாளியின் கலியாணத்தில் அப்படிச் சொல்லி, அந்தப் பெடியனும் சிரித்துக்கொண்டு அவிழ்க்கப் போனான். நீ இணங்காதே. மறைத்தால் மறைத்ததுதான். படத்துக்காக ஒரு முறை, உண்மைக்கு ஒரு முறை என்று செய்யாதே. ஒரு முறை செய்ததே ஒரு பெண்ணை எங்கே கொண்டுபோய் விட்டது என்று பார்.

சரி, காட்டிய கதைக்கு வருகிறேன். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கீழே போனேன். "சலமா, பெடியன் உம்மட படத்தைக் கண்டுபிடிச்சிட்டான்" என்றேன். எந்தப் படம் என்று அவர் கேட்கவில்லை. அடுப்பை அணைத்தார். முக்காட்டைச் சரிசெய்தார், ஆரோ வீட்டுக்கு வந்த மாதிரி. கண்ணாடியைத் தேடி எடுத்துப் போட்டுக்கொண்டு மேசையில் எனக்குப் பக்கத்தில் இருந்தார். "அது கலியாணத் துண்டு. பாக்கவேண்டாம் எண்டால் இப்பவே சொல்லும். அவனுக்கு நான் சொல்லுறன்," என்றேன். "நான் உள்ளுக்கையெல்லோ இருந்தனான் காக்கா. நான் அதை ஒருநாளும் காணேல்லை. போடுங்கோ," என்றார்.

நாதஸ்வரம் முழங்கியது. மாமி கையை நீட்டி, "உந்தச் சத்தத்தை நிப்பாட்டுங்கோ" என்றார். எனக்கு எந்தப் பொத்தான் என்று தெரியவில்லை. அவரே தேடி நிறுத்தினார். முதலில் பாய் விரித்த ஒரு அறை. வெள்ளை உடுப்போடு ஆண்கள். மாமியின் விரல் ஒரு மனிசனின் முகத்தில் வந்து நின்றது. "பாபா," என்றார். தகப்பன். முதல்தடவை முழுக்கத் தகப்பனைத்தான் பார்த்தார். மாப்பிள்ளையை அவர் பார்க்கவேயில்லை. இரண்டாம்தடவை போடச் சொன்னார். பெரியவர் சொல்கிறார், தகப்பன் சொல்கிறார், பிறகு படம் பிடிக்கிற பெட்டி மெல்லக் கிட்டப்போய் மாப்பிள்ளைப் பெடியனின் முகத்தில் நிற்கிறது. சின்னப் பெடியன், மகன். மீசைகூட ஒழுங்காக முளைக்கவில்லை. வெட்கத்தோடு வாயைத் திறக்கிறான். உதடு மூடித் திறக்கிறது, குவிகிறது. மறுபடி மூடித் திறந்து விரிகிறது.

மூன்றாம்தடவை அந்த இடம் வந்தபோது மாமி அவனோடு சேர்ந்து வாயை அசைத்தார். சத்தமில்லாமல். நாலாம்தடவை சத்தமாகச் சொன்னார்: "மோஜா. ம்பிலி. தாத்து. ன்னே. தானோ."

அவனுடைய உதடும் அவருடைய குரலும் ஒரு மயிரிழை பிசகாமல் பொருந்தின. அந்தப் படியில் எத்தனை மாரி நான் அந்த எண்ணிக்கையைக் கேட்டிருக்கிறேன். எனக்கு விளங்க அதற்குமேல் ஒன்றும் தேவைப்படவில்லை. அவன் ஏற்றேன் என்று சொல்லவேயில்லை, மகன். படம் எடுத்தவர் சொல்லிக்கொடுத்தபடி சத்தமில்லாமல் வாயை அசைத்து எண்ணியிருக்கிறான்; பெட்டி அரைக்கிற சத்தத்தில் பக்கத்தில் இருந்தவர்களுக்கும் அது கேட்டிருக்காது. ஐந்துவரைக்கும் எண்ணினான். பெரியவர் கையை எடுத்தார். துண்டு முடிந்தது.

மாமி அழவில்லை. கண்ணாடியைக் கழற்றி மடித்து வைத்தார். "பாவம் பெடியன். சொன்னதைத்தானே செய்திருக்கிறான். நான் அவனை என்னெல்லாம் திட்டியிருப்பன்," என்றார். பிறகு எழும்பி, அணைத்த அடுப்பைத் திரும்ப மூட்டினார். கேத்திலுக்குத் தண்ணீர் விட்டார். தண்ணீர் நிரம்பி வழிந்தது, அவர் கவனிக்கவில்லை. முதுகு காட்டி நின்றபடியே கேட்டார்:

"இட்ரிஸ் போய் எத்தினை மாரி, காக்கா?"

"மூண்டு."

"ம்," என்றார். நான்தான் எழும்பிப்போய்த் தண்ணீரை நிறுத்தினேன். இட்ரிஸ் செத்தபோது மாமி பள்ளிவாசலுக்குப் போகவில்லை, லவாலில் அடக்கம் செய்த இடத்துக்கும் போகவில்லை. நான் கூட்டிப்போகிறேன் என்று கேட்டேன். இன்னொருத்தன்ர பெண்சாதி ஏன் அங்கை போய் நிக்கவேணும் என்று சொல்லிவிட்டார். அந்த வாரம் வெள்ளிக்கிழமை வழக்கமான நேரத்துக்குக் கோட்டுப் போட்டுக்கொண்டு படியடியில் நின்றதை மட்டும் மேலேயிருந்து நானும் வாத்தியாரும் பார்த்தோம்.

தேத்தண்ணி குடித்து முடித்தபிறகு அவருடைய முடிவைச் சொன்னார். அதை அப்படியே உனக்கு எழுதச் சொல்லியிருக்கிறார். கலியாணத் துண்டை மண்டபத்தில் போடவேண்டாம். அது கலியாணமில்லை, ஆகையால் கலியாண வீட்டுக்கு உதவாது என்கிறார். புருஷனை ஏசுகிற காட்சி முழுப் படத்தில் இருக்குமே, அதைத்தான் போடவேண்டுமாம். அதற்கு மேளமும் வேண்டாம், பாட்டும் வேண்டாம். அந்தக் காலத்து வான்காரர்போல நீ திரைக்குப் பக்கத்தில் ஒலிவாங்கியோடு நின்று அவருக்குக் குரல் கொடுக்கவேண்டும். வசனம் உனக்குப் பாடம். "கோவமா எண்ணச் சொல்லுங்கோ," என்றார். "அவனுக்குத்தான் என்ர கோவம் சரியாத் தெரியும்." அவருடைய பெயரையும் நீயே சொல்லு. படத்தில் போடாத பெயர், அந்த மண்டபத்தில் ஒரு முறையாவது கேட்கட்டும். தகப்பன் பெயரையும் சேர்த்துச் சொல்லு. அவர்கள் வழக்கம் அப்படித்தானாம். என்ன பெயர் என்று அவரிடமே போனில் கேள். நீ கேட்டால் சந்தோஷப்படுவார்.

அபிராமியின் தாயாருக்கும் நான் போன் எடுத்துப் பதில் சொல்லிவிட்டேன். "கட்டாதவ," என்றேன். "அப்ப ஆலாத்திக்கு வேற ஆக்களைப் பாப்பம் அண்ணை. பூத்தட்டு அவ கொண்டுவரட்டுமன்," என்றா. மாமி மேலே எங்கள் வீட்டுக்கு வந்தபோது அதைச் சொன்னேன். தலையை ஆட்டினார். பூத்தட்டு குமர்ப்பிள்ளைகள் எடுக்கிறது என்று அவருக்கும் தெரியும். எண்பதைத் தாண்டிய மனிசி, "என்ன நிறச் சேலை உடுக்கிறது காக்கா?" என்று கேட்டார். நான் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டேன்.

இன்னும் ஒன்று இருக்கிறது. அதை அவர் இறங்கிப்போகிற நேரத்தில், படியில் நின்று கேட்டார். "லவாலிலைதானே மண்டபம். போற வழியிலை ஒருக்கா இட்ரிஸிட்டை நிப்பாட்டுவியளோ?" கலியாண வீட்டுக்குப் புறப்பட்ட மாப்பிள்ளையின் தகப்பன் வழியில் அப்படியொரு இடத்தில் இறங்குவதா என்று சனம் கேட்கும். அபிராமியின் தாயார் அறிந்தால் என்னைத் திரும்பக் குளிக்கச் சொல்லுவா. வாத்தியார்கூட இதை எழுதாமல் பேனையை வைத்துவிட்டு என்னைப் பார்க்கிறார். எழுதும் வாத்தியார், எழுதும். நான் ஓம் என்று சொல்லிவிட்டேன், மகன். உன் அம்மா இருந்திருந்தால் எனக்கு முன்பே ஓம் என்று சொல்லியிருப்பா. ஒரு பெட்டி பேரீச்சம்பழம் வாங்கிவைத்திருக்கிறேன்.

ஆகவே நாங்கள் கொஞ்சம் பிந்தித்தான் வருவோம். அவருக்கு அங்கே சொல்ல நிறைய இருக்கும். நான் அவசரப்படுத்தமாட்டேன். சனம் பசிக்குது என்று சொல்லும், வீடியோக்காரன் நேரம் போகுது என்று சொல்லுவான். சொல்லட்டும். மாமி பூத்தட்டோடு உள்ளே வந்து, எல்லோரும் பார்க்கிற மாதிரி முன்வரிசையில் இருக்கும்வரைக்கும், அப்பன், நீ விளக்கை அணைக்காதே.

உன்
அப்பா